உள்ளானும் தொலைகுறியும்

நுழையும் முன்

கைப்பேசி விளையாட்டுகளைப் பற்றி வீட்டில் பெரியோர் ஒன்று கூறுவர். நண்பர் வேறொன்று கூறுவர். அவ்விளையாட்டுகளுள் வழங்கும் ஒரு சொல் எங்கிருந்து வந்தது, அது எவ்வகை ஆட்டத்தைக் குறிக்கிறது, அந்த ஆட்டம் ஆடுபவரிடம் எதைக் கேட்கிறது என்பவற்றை இப்பாடம் ஆராய்கிறது.

பாடம்

குக்கரஹள்ளி, காரஞ்சி, லிங்காம்புதி எனப் பல ஏரிகளைத் தன்னகத்தே கொண்ட நகரம் மைசூரு. இந்நகரையும் இதனைச் சூழ்ந்த சேற்றுநிலங்களையும் நெல்வயல்களையும் நாடி, குளிர்காலத்தில் வடக்கிலிருந்து வலசை வரும் பறவைகளுள் உள்ளானும் ஒன்று. காய்ந்த கோரையின் நிறமும் சேற்றின் நிறமும் கலந்த உடல், நீண்டு நேரான அலகு, தலையின் பின்புறமாகத் தள்ளி அமைந்த கண்கள் ஆகியவை அதன் அடையாளங்கள். அலகைச் சேற்றில் புதைத்துப் புழுக்களைத் தேடும்போதே அது தனக்குப் பின்னால் வருவோரையும் பார்த்துக்கொண்டிருக்கும். மனிதர் நெருங்கினாலும் உடனே பறந்துவிடாது, அசையாமல் அமர்ந்திருக்கும். காலடி மிக அருகில் வந்த பின்னரே கரகரத்த குரலுடன் எழுந்து, இடமும் வலமும் வளைந்து வளைந்து பறந்து மறையும்.

தமிழில் இப்பறவையின் பெயர் ஒரு சுவையான மயக்கத்தைத் தருகிறது. 'வயலில் உள்ளான்' என்று எழுதினால் அது பறவையையும் குறிக்கலாம். வயலில் ஒருவன் இருக்கிறான் என்றும் பொருள்படலாம். முன்னது பெயர்ச்சொல், பின்னது குறிப்பு வினைமுற்று. இருந்தும் காணப்படாத பறவைக்கு இதைவிடப் பொருத்தமான பெயர் அமைவது அரிது.

ஆங்கிலத்தில் இதன் பெயர் 'ஸ்னைப்'. பதினெட்டாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் இந்தியாவில் பணியாற்றிய பிரித்தானியப் படை அலுவலர்கள் ஓய்வு நேரங்களில் இப்பறவையை வேட்டையாடினர். சிறிய உடல், மறைந்திருக்கும் இயல்பு, எந்தப் பக்கம் திரும்பும் என்று கணிக்க இயலாத பறப்பு ஆகியவற்றால் இதனைச் சுட்டு வீழ்த்துவது பெருந்திறமையாகக் கருதப்பட்டது. அவ்வேட்டைக்குச் செல்வதை அவர்கள் 'ஸ்னைப்பிங்' என்றனர். பின்னர், மறைவிடத்திலிருந்து நெடுந்தொலைவில் உள்ளவரைச் சுடும் வீரருக்கு 'ஸ்னைப்பர்' என்னும் பெயர் வந்து சேர்ந்தது. இந்தியச் சேற்றுநிலத்துப் பறவை ஒன்றின் பெயர் இவ்வாறு போர்க்களத்துக்குச் சென்றது. அங்கிருந்து இன்று கைப்பேசித் திரைக்கு வந்திருக்கிறது. பறவையோ இன்னும் சேற்றில்தான் அமர்ந்திருக்கிறது. 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின்படி அதனை வேட்டையாடுதல் இன்று குற்றமாகும்.

இனி, திரைக்கு வருவோம். 'பேட்டில் ராயல்' எனப்படும் விளையாட்டு வகையின் அமைப்பு எளியது. ஏறத்தாழ நூறு பேர் வெறுங்கையராய் ஒரு நிலப்பரப்பில் குதிப்பர். கிடைக்கும் கருவிகளைத் திரட்டிக்கொண்டு ஒருவரோடொருவர் போரிடுவர். ஆடுகளம் ஒரு வட்டமாகச் சுருங்கிக்கொண்டே வரும். இறுதியில் எஞ்சுபவரே வென்றவர். 2000ஆம் ஆண்டில் வெளிவந்த ஜப்பானியத் திரைப்படம் ஒன்றின் பெயரே இவ்வகைக்குப் பெயராயிற்று. அயர்லாந்தைச் சேர்ந்த பிரெண்டன் கிரீன் வடிவமைத்த 'பப்ஜி' 2017இல் கணினிக்கும், 2018இல் கைப்பேசிக்கும் வந்தது. அதன் முதல் ஆடுகளமான எராங்கல், எட்டு கிலோமீட்டர் நீளமும் எட்டு கிலோமீட்டர் அகலமும் உடைய கற்பனைத் தீவு. 2020 செப்டம்பர் 2 அன்று இந்திய அரசு தடைசெய்த 118 செயலிகளுள் பப்ஜியும் ஒன்று. அதன் இந்திய வடிவமான 'பேட்டில்கிரவுண்ட்ஸ் மொபைல் இந்தியா' 2021 ஜூலையில் வெளிவந்து, 2022 ஜூலையில் செயலிக் கடைகளிலிருந்து நீக்கப்பட்டு, 2023 மே மாத இறுதியில் மீண்டும் வந்தது.

இவ்வகை விளையாட்டுகளில் வழக்கமான ஆட்டத்தோடு, சில நாள்கள் மட்டுமே திறந்திருக்கும் குறுங்கால ஆட்டமுறைகளும் உண்டு. அவற்றுள் ஒன்று தொலைகுறி ஆட்டம். 'ஃபோர்ட்நைட்' விளையாட்டில் 2017 டிசம்பரில் 'ஸ்னைப்பர் ஷூட்அவுட்' என்னும் பெயரில் இது வந்தது. கைப்பேசிப் பப்ஜியிலும் 'ஸ்னைப்பர் டிரெய்னிங்' என்றொரு முறை இருந்தது. இம்முறையின் விதி ஒன்றே: நெடுந்தொலைவு சுடும் துப்பாக்கிகள் மட்டுமே களத்தில் கிடைக்கும்.

விதி ஒன்று மாறியதும் ஆட்டத்தின் இயல்பே மாறிவிடுகிறது. வழக்கமான ஆட்டத்தில் விரைந்து ஓடுபவரும், நெருங்கிச் சென்று தோட்டாக்களை வாரி இறைப்பவரும் வெல்ல வாய்ப்புண்டு. தொலைகுறி ஆட்டத்தில் அது இயலாது. ஒரு முறை சுட்டபின் அடுத்த தோட்டாவை ஏற்றுவதற்குச் சில நொடிகள் ஆகும். சுட்ட ஒலி சுட்டவரின் இருப்பிடத்தைக் காட்டிக்கொடுக்கும். எனவே, குறி தவறினால் தவறியது தோட்டா மட்டுமன்று, மறைவிடமும் போயிற்று. ஓடுவோர் தோற்பர், காத்திருப்போர் வெல்வர். உள்ளானைச் சுடச் சென்றவரின் பெயரைத் தாங்கிய ஆட்டத்தில், உள்ளானைப் போல் அசையாதிருப்பவரே பிழைக்கிறார் என்பது இதிலுள்ள வேடிக்கை.

காத்திருப்பதோடு கணக்கும் வேண்டும். பள்ளி விளையாட்டுத் திடலில் ஓட்டத் தடத்தின் ஒரு முழுச் சுற்று 400 மீட்டர். அச்சுற்றை நேர்க்கோடாக நீட்டி, அதன் மறுமுனையில் ஒரு பலகை நிற்பதாகக் கொள்வோம். நொடிக்கு 800 மீட்டர் விரைவில் செல்லும் தோட்டா அப்பலகையை அடைய அரை நொடி ஆகும். அந்த அரை நொடியும் புவியீர்ப்பு விசை அதனைக் கீழ்நோக்கி இழுத்துக்கொண்டே இருக்கும். காற்றின் தடையை விட்டுவிட்டுக் கணக்கிட்டால், விழும் ஆழம் 9.8 என்பதன் பாதியை 0.5இன் வர்க்கத்தால் பெருக்கக் கிடைப்பது. அதாவது, ஏறத்தாழ 1.2 மீட்டர். துப்பாக்கிக் குழல் பலகையின் நடுவை நேராக நோக்கியிருந்தால் தோட்டா பலகைக்குக் கீழே மண்ணில்தான் புதையும். தொலைவு இரு மடங்காகி 800 மீட்டர் ஆனால் வீழ்ச்சி இரு மடங்கன்று, நான்கு மடங்கு. ஏறத்தாழ 4.9 மீட்டர், ஓரடுக்கு வீட்டின் உயரத்தைவிட மிகுதி.

இலக்கு நகர்ந்தால் கணக்கு மேலும் வளரும். நொடிக்கு 6 மீட்டர் ஓடும் உருவம் அந்த அரை நொடியில் 3 மீட்டர் கடந்துவிடும். ஆகவே, அது இருக்கும் இடத்தைக் குறிவைத்தால் பயனில்லை. அது சென்று சேரப்போகும் வெற்றிடத்தைக் குறிவைக்க வேண்டும். ஒலியின் விரைவு நொடிக்கு ஏறத்தாழ 340 மீட்டர் என்பதால், 400 மீட்டர் தொலைவில் தோட்டா சென்று சேர்ந்து அரை நொடிக்கும் மேலான பிறகே வெடியோசை கேட்கும். மின்னலை முதலில் கண்டு இடியைப் பின்னர் கேட்பது போன்றதே இதுவும்.

தொலைவை அறிவது எவ்வாறு? குறிக்கண்ணாடியில் உள்ள சிறு கோடுகள் அதற்கு உதவும். ஒரு மீட்டர் உயரமுள்ள பொருள் 1000 மீட்டர் தொலைவில் எவ்வளவு சிறியதாகத் தெரியுமோ, அந்தக் கோணத்தை ஓர் அலகாகக் கொள்வர். அதன் பெயர் மில்லிரேடியன். 1.8 மீட்டர் உயரமுள்ள மனித உருவம் 4.5 அலகு உயரமாகத் தெரிந்தால், 1.8ஐ 4.5ஆல் வகுத்து ஆயிரத்தால் பெருக்க, 400 மீட்டர் என்னும் விடை வரும். விளையாட்டினுள் எண்கள் ஆட்டத்துக்கேற்பச் சற்று மாற்றப்பட்டிருக்கலாம். கணக்கின் முறை இதுவே. பலமுறை ஆடிய சிறுவர், சூத்திரம் எதையும் அறியாமலே, 'இன்னும் இரண்டு கோடு மேலே' என்று கூறுவதைக் கேட்கலாம். ஒன்பதாம் வகுப்பு இயற்பியல் நூலைக் கண்டு அஞ்சும் மாணவரின் கண்ணும் கையும் அந்நூலின் ஒரு பகுதியை முன்பே கற்றிருக்கின்றன என்பதை ஆசிரியரும் பெற்றோரும் கவனிப்பதில்லை. ஆடுவோரைக் குறைகூறுவோர் பலர். ஆட்டத்தின் உள்ளே இருப்பது யாது என்று பார்த்துவிட்டுக் குறைகூறுவோர் சிலரே.

தொலைவும் வீழ்ச்சியும் பற்றிய இக்கணக்கு மைசூருவுக்குப் புதியதன்று. பதினெட்டாம் நூற்றாண்டில் ஹைதர் அலியும் திப்பு சுல்தானும் ஆண்ட மைசூர் அரசின் படையில் ஏவுகணைப் பிரிவு ஒன்று இருந்தது. காகிதத்துக்கும் மூங்கிலுக்கும் மாறாக இரும்புக் குழலில் வெடிமருந்து அடைக்கப்பட்டதால், உள்ளே எழும் அழுத்தம் மிகுந்து, அவ்வேவுகணைகள் ஏறத்தாழ இரண்டு கிலோமீட்டர் வரை சென்றன. குழலின் அளவையும் இலக்கின் தொலைவையும் எண்ணி, எந்தச் சாய்வில் ஏவ வேண்டும் என்று கணிப்பதற்கு வீரர்களுக்குப் பயிற்சி தரப்பட்டது. 1780இல் காஞ்சிபுரத்தை அடுத்த பொள்ளிலூரில் நிகழ்ந்த போரில் இவை பயன்பட்டன. 1799 மே 4 அன்று ஸ்ரீரங்கப்பட்டணம் வீழ்ந்து திப்பு இறந்தபின், இவ்வேவுகணைகள் இங்கிலாந்துக்குக் கொண்டுசெல்லப்பட்டன; வில்லியம் காங்கிரீவ் அவற்றை ஆராய்ந்து தம் நாட்டு ஏவுகணைகளை உருவாக்கினார். 2018இல் கர்நாடகத்தின் சிவமொக்கா மாவட்டத்து நகரா என்னும் ஊரில், பாழ்கிணறு ஒன்றிலிருந்து ஆயிரத்துக்கும் மேற்பட்ட மைசூர் ஏவுகணைகள் கண்டெடுக்கப்பட்டன. எனினும், ஒரு வேறுபாட்டை நினைவிற்கொள்ள வேண்டும். அவ்வேவுகணைகள் ஒருவரைக் குறிவைத்தவையல்ல. கூட்டத்தை நோக்கி ஏவப்பட்டவை. ஒரே ஒரு புள்ளியை நோக்கிப் பொறுமையுடன் காத்திருத்தல் வேறொரு கலை.

அக்கலையை இன்று மனிதரை நோக்காமல் பயில்வோர் துப்பாக்கி சுடும் விளையாட்டு வீரர்கள். கடலூரில் பிறந்த இளவேனில் வாலறிவன், 2019இல் ரியோ டி ஜெனிரோவில் நடைபெற்ற உலகக் கோப்பைப் போட்டியில் பத்து மீட்டர் காற்றுத் துப்பாக்கிப் பிரிவில் தங்கம் வென்றார். இப்பிரிவில் பத்துப் புள்ளிக்குரிய நடுவட்டத்தின் விட்டம் அரை மில்லிமீட்டர் மட்டுமே. எழுதுகோல் முனையால் வைத்த ஒரு புள்ளி அளவு. தகுதிச் சுற்றில் 75 நிமிடத்துக்குள் 60 முறை சுட வேண்டும். ஒவ்வொரு முறையும் மூச்சை விட்டு, அடுத்த மூச்சை இழுப்பதற்கு முன்னுள்ள சிறு அமைதியில் விசையை அழுத்துவர். கணினியில் ஆடப்படும் பப்ஜியில் மூச்சை அடக்குவதற்கு ஒரு விசை உண்டு. அதனை அழுத்தினால் போதும். திரையில் துப்பாக்கி ஆடாமல் நிற்கும். உண்மையான நெஞ்சத் துடிப்பை அடக்க அத்தகைய விசை எதுவும் இல்லை.

2023இல் சீனாவின் ஹாங்சோ நகரில் நடைபெற்ற ஆசிய விளையாட்டுப் போட்டிகளில் மின்விளையாட்டுகள் முதன்முறையாகப் பதக்கத்துக்குரியவை ஆயின. கைப்பேசிப் பப்ஜியும் அவற்றுள் இடம்பெற்றது. ஆனால், அங்கு ஆடப்பட்டது வேறு வடிவம். வீரர்கள் ஒருவரையொருவர் சுடவில்லை. வழியில் வைக்கப்பட்ட குறிப்பலகைகளைச் சுட்டவாறு விரைந்து இலக்கை அடைய வேண்டும். கொலையை நீக்கிய பின்பும் குறி எஞ்சியிருந்தது.

இதுவரை கூறியன ஆட்டத்தின் உள்ளே நிகழ்பவை. ஆட்டத்தைச் சுற்றி அமைந்த ஏற்பாடு வேறு வகையானது. தொலைகுறி முறை எப்போதும் திறந்திருப்பதில்லை. 'இன்னும் மூன்று நாள்களே' என்று திரையின் ஓரத்தில் ஒரு கடிகாரம் எண்ணிக்கொண்டிருக்கும். நாள்தோறும் வந்து ஆடினால் ஒரு பரிசு. ஒரு நாள் தவறினால் அது கைவிட்டுப்போகும். இதன் ஆற்றலை 1975இல் ஸ்டீபன் வோர்செல் என்னும் உளவியலாளரும் அவருடைய குழுவினரும் ஓர் எளிய சோதனையால் காட்டினர். ஒரே வகைப் பிஸ்கட்டுகளைச் சிலருக்குப் பத்து உள்ள குடுவையிலும், சிலருக்கு இரண்டே உள்ள குடுவையிலும் வைத்துக் கொடுத்தனர். இரண்டே உள்ள குடுவையிலிருந்து எடுத்தவர்கள் அதனை மேலானதாக மதிப்பிட்டனர். பத்தாக இருந்த குடுவை தம் கண்முன்னே இரண்டாகக் குறைந்ததைக் கண்டவர்கள் அதனினும் உயர்வாக மதிப்பிட்டனர். பிஸ்கட் மாறவில்லை, குறைகிறது என்னும் எண்ணமே அதன் மதிப்பை உயர்த்தியது.

குறுங்கால ஆட்டமுறையின் முரண் இங்குதான் உள்ளது. ஆட்டத்தின் உள்ளே அது பொறுமையைக் கேட்கிறது: புதரில் மூன்று நிமிடம் அசையாதிரு, கணக்கிடு, ஒருமுறை மட்டும் சுடு என்கிறது. ஆட்டத்துக்கு வெளியே அதே விளையாட்டு பொறுமையின்மையை வளர்க்கிறது: இன்றே வா, இப்பொழுதே வா, நாளை இராது என்கிறது. எராங்கலில் மிகச் சிறந்த தொலைகுறி வீரராக விளங்கும் மாணவர், தேர்வுக்கு முந்திய இரவில் அந்தக் கடிகாரத்தின் முன் அரை மணி நேரம் காத்திருக்க இயலாதவராக ஆகிவிடுகிறார். இங்கு மறைந்திருந்து குறிபார்ப்பவர் யார், குறியாக நிற்பவர் யார் என்பது எண்ணிப் பார்க்கத்தக்கது. ஒரு சுற்று முடிய ஏறத்தாழ அரை மணி நேரம். 'இன்னும் ஒரே ஒரு சுற்று' என்று நான்கு முறை கூறினால் ஒரு மாலைப்பொழுது முடிந்துவிடும்.

இச்சிக்கல் பரவலாக உணரப்பட்டே உள்ளது. இந்திய வடிவத்தில் பதினெட்டு வயதுக்குட்பட்டோர் நாளொன்றுக்கு 3 மணி நேரத்துக்கு மேல் ஆட இயலாது என வரம்பு வைக்கப்பட்டது. உலக நலவாழ்வு நிறுவனம் 2019இல் ஏற்றுக்கொண்ட நோய் வகைப்பாட்டில் விளையாட்டுக் கோளாறு என்னும் ஒன்று சேர்ந்தது. 2022 ஜனவரி முதல் அது நடைமுறையில் உள்ளது. விளையாடுவோர் அனைவரும் நோயாளர் என்பது அதன் பொருளன்று. எவ்வளவு நேரம் ஆடுகிறார் என்பதைவிட, நிறுத்த நினைத்தபோது நிறுத்த முடிகிறதா, படிப்பும் உறக்கமும் உறவும் கெட்ட பின்பும் ஆட்டம் தொடர்கிறதா என்பவற்றையே மருத்துவர் பார்ப்பர். பொதுவாக ஓராண்டுக் காலம் இந்நிலை நீடித்ததா என்றும் கேட்பர். மைசூருவிலிருந்து ஏறத்தாழ 145 கிலோமீட்டர் தொலைவில், பெங்களூரு நிம்ஹான்ஸ் மருத்துவமனையில் இதற்கெனவே 2014இல் 'ஷட்' என்னும் பெயரில் தனி மருத்துவப் பிரிவு தொடங்கப்பட்டது.

தொலைகுறி ஆட்டத்தில் தேர்ந்த ஒருவர், சுடுவதற்கு நல்ல வாய்ப்புக் கிடைத்தும் சுடாமல் விடுவதுண்டு. தொலைவு மிகுதி, காட்டிக்கொடுக்கும் ஒலி பெரிது, கிடைப்பது சிறிது என்று அவர் கணக்கிடுகிறார். கடிகாரம் ஓடிக்கொண்டிருக்கும்போது திரையை அணைத்து வைப்பதும் அதே கணக்குத்தான். அதற்குக் குறிக்கண்ணாடி மட்டும் தேவையில்லை. அடுத்த குளிர்காலத்திலும் மைசூருவின் வயல்களுக்கு உள்ளான்கள் வரும். அவற்றைக் காணச் செல்வோர் இன்று கையில் ஏந்துவது இருகண் நோக்கி. அதிலும் மூச்சை அடக்கிக் காத்திருக்க வேண்டும். பறவை எப்போது எழும் என்று எந்தக் கடிகாரமும் கூறாது.

சொற்பொருள்

வலசை – பறவைகள் பருவந்தோறும் இடம்பெயர்தல்
குறி – இலக்கு, அடையாளம்
வர்க்கம் – ஓர் எண்ணை அதே எண்ணால் பெருக்கக் கிடைப்பது
முரண் – மாறுபாடு

பயிற்சி

அ. ஓரிரு தொடர்களில் விடை தருக.

1. 'ஸ்னைப்பர்' என்னும் சொல் எப்பறவையின் பெயரிலிருந்து தோன்றியது? அப்பறவையை வேட்டையாடுதல் ஏன் கடினமாகக் கருதப்பட்டது?
2. மைசூர் ஏவுகணைகள் நெடுந்தொலைவு செல்லக் காரணம் யாது?
3. ஹாங்சோவில் ஆடப்பட்ட வடிவம் வழக்கமான ஆட்டத்திலிருந்து எவ்வாறு வேறுபட்டது?

ஆ. விரிவாக விடை தருக.

குறுங்கால ஆட்டமுறை உள்ளே ஒன்றையும் வெளியே வேறொன்றையும் கேட்கிறது என்னும் கருத்தை, பிஸ்கட் சோதனையைச் சான்றாகக் கொண்டு விளக்குக. இக்கருத்தை மறுப்பவராயின் காரணம் காட்டி மறுத்து எழுதுக.

இ. மொழிப்பயிற்சி

1. 'உள்ளான்' என்னும் சொல்லைப் பெயர்ச்சொல்லாக ஒரு தொடரிலும், குறிப்பு வினைமுற்றாக மற்றொரு தொடரிலும் அமைத்து எழுதுக.
2. பிரித்து எழுதுக: சேற்றுநிலம், மறைவிடம், நெடுந்தொலைவு, புவியீர்ப்பு.

ஈ. கணக்கிடுக.

தோட்டாவின் விரைவு நொடிக்கு 800 மீட்டர் எனக் கொண்டு, 200 மீட்டர் தொலைவில் அது எவ்வளவு கீழே விழும் என்று காண்க. 400 மீட்டருக்குரிய விடையுடன் ஒப்பிட்டு, இரண்டுக்கும் உள்ள தொடர்பை ஒரு தொடரில் எழுதுக.